பாகப்பிரிவினை வழக்கு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வக்கீல் அலுவலகத்தில் குமாஸ்தாவாக இருக்கிறேன். பாகப்பிரிவினைக்காக வருகிறவர்கள் உள்ளே வக்கீலிடம் கேட்கத் தயங்கியதையெல்லாம் வெளியே வந்ததும் என்னிடம் கேட்பார்கள். ஆள் மாறுகிறார்கள், கேள்வி மாறுவதில்லை. அதனால் அவர்கள் கேட்ட மாதிரியே தொகுத்து எழுதியிருக்கிறேன். இது தமிழ்நாட்டு சிவில் கோர்ட்டுகளில் நடக்கிற முறை. உங்கள் பத்திரங்களையும் குடும்ப விவரத்தையும் பார்க்காமல் யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது, அதற்கு உங்கள் வக்கீல்தான்.

அப்பா பேர்ல இருக்கற வீட்டைப் பிரிக்க கோர்ட்டுக்குத்தான் போகணுமா?

இல்லை. பங்குள்ள அத்தனை பேரும் ஒத்துக்கொண்டால் பாகப்பிரிவினைப் பத்திரம் எழுதி சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவிடலாம். ஒருவர் தன் பங்கை இன்னொருவருக்கு விட்டுக்கொடுக்கிறார் என்றால் விடுதலைப் பத்திரம். குடும்பத்துக்குள் எழுதுகிற இந்தப் பத்திரங்களுக்கு முத்திரைத் தீர்வை குறைவு, உச்சவரம்பும் உண்டு. முடிந்தவரை இந்த வழியிலேயே முடித்துக்கொள்ளுங்கள்.

ஆனால் ஒரே ஒருவர் கையெழுத்துப் போட மறுத்தாலும் அவரை அந்தப் பத்திரம் கட்டுப்படுத்தாது. அப்போதுதான் கோர்ட்.

என் பங்கு ரொம்பச் சின்னது. மத்தவங்க வேண்டாம்னு சொன்னா நான் மட்டும் கேஸ் போட முடியுமா?

முடியும். பங்கு எட்டில் ஒன்றோ இருபதில் ஒன்றோ, கூட்டுச் சொத்தில் பங்குள்ள எவருக்கும் பிரித்துக் கேட்க உரிமை உண்டு. பெரும்பான்மை பார்க்கிற விஷயம் இல்லை இது.

அக்கா என் பக்கம்தான். அவங்களை எதுக்குப் பிரதிவாதியாப் போடறீங்க?

இந்த ஒரு வார்த்தையால் எத்தனையோ வீடுகளில் மனஸ்தாபம் வந்திருக்கிறது. சம்மன் கையில் கிடைத்ததும், 'தம்பி என் மேலயே கேஸ் போட்டுட்டானே' என்று அக்கா அழுவதைப் பார்த்திருக்கிறேன். பாகப்பிரிவினை வழக்கில் பிரதிவாதி என்றால் எதிரி என்று அர்த்தமில்லை. பங்குள்ள எல்லோரும் கோர்ட்டின் முன்னால் இருக்க வேண்டும், அவ்வளவுதான். இந்த வழக்கில் வாதியும் பிரதிவாதியும் ஒரே நிலையில் இருப்பவர்கள். பிரதிவாதியும் தன் பங்கைத் தனியாகப் பிரித்துக் கேட்கலாம், அதற்கு அவரும் கட்டணம் கட்ட வேண்டும். அக்கா சம்மதித்தால் உங்களோடு இரண்டாவது வாதியாகவே சேர்ந்துகொள்ளலாம். எப்படியானாலும் சம்மன் போவதற்கு முன்னால் ஒரு போன் போட்டு விஷயத்தைச் சொல்லிவிடுங்கள்.

யாரையும் விட்டுவிடக் கூடாது. இறந்துபோன அண்ணனின் மனைவி, பிள்ளைகள், வெளியூரில் இருக்கும் தங்கை, எல்லோரும் வர வேண்டும். மைனர் பிள்ளைகள் இருந்தால் அவர்களுக்காக ஒரு காப்பாளர். பங்குள்ள ஒருவரைச் சேர்க்காமல் விட்டு, எதிர்த்தரப்பு அதைச் சுட்டிக்காட்டிய பிறகும் சரிசெய்யவில்லை என்றால், அந்த ஒரு காரணத்துக்காகவே வழக்கு தள்ளுபடியாகலாம்.

நாலு இடத்துல சொத்து இருக்கு. டவுன்ல இருக்கற வீட்டை மட்டும் கேட்டா போதும்.

பொதுவாக அப்படிக் கேட்க முடியாது. பகுதிப் பிரிவினை என்று சொல்லி எதிர்ப்பார்கள், கோர்ட்டும் ஏற்காது. பொதுவாக இருக்கும் எல்லாச் சொத்தையும் ஒரே வழக்கில் கொண்டுவந்தால்தான் பங்கைச் சரியாகப் பிரிக்க முடியும்: வீடு ஒருவருக்கு, அதே மதிப்புக்கு நிலம் இன்னொருவருக்கு என்று. சொத்துகள் வேறு வேறு கோர்ட்டுகளின் எல்லையில் இருந்தாலும் ஏதாவது ஒரு சொத்து இருக்கும் இடத்து கோர்ட்டில் போட்டால் போதும். முன்சீப் கோர்ட்டா, சப் கோர்ட்டா என்பது மதிப்பைப் பொறுத்தது.

வரும்போது என்னென்ன பேப்பர் எடுத்துட்டு வரணும்?

தாய்ப்பத்திரம், வில்லங்கச் சான்று, பட்டா, சிட்டா, நிலமென்றால் அடங்கலும் புலப்படமும், வீட்டு வரி ரசீது, இறப்புச் சான்று, வாரிசுச் சான்று. அசல் அண்ணன் பீரோவில் மாட்டிக்கொண்டிருக்கிறது என்றால் கவலை வேண்டாம், பதிவான பத்திரத்துக்கு சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் வாங்கலாம்.

எல்லாவற்றுக்கும் முதலில் ஒரு வெள்ளைத்தாளில் குடும்ப மரம் எழுதுங்கள். தாத்தாவில் தொடங்கி யார் யாருக்குப் பிறந்தார், யார் எந்த வருடம் இறந்தார், யாருக்கு எப்போது கல்யாணம். பாதிச் சண்டை அந்தத் தாளிலேயே தெளிந்துவிடும். அப்புறம், பட்டா என் பெயரில் இருக்கிறது, அதனால் சொத்து என்னுடையது என்று யாராவது சொன்னால் பயந்துவிடாதீர்கள். பட்டா வருவாய்த் துறை ஆவணம், அது மட்டுமே சொத்து உங்களுடையது என்பதற்கு ஆதாரம் ஆகாது.

கோர்ட் ஃபீஸ் லட்சக்கணக்கில ஆகும்னு சொல்றாங்களே?

அது நீங்கள் சொத்தை அனுபவிக்கிறீர்களா இல்லையா என்பதைப் பொறுத்தது. தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் (1955) பிரிவு 37 இரண்டு வழி வைத்திருக்கிறது. கூட்டு அனுபவத்தில் இருக்கிறீர்கள் என்றால் நிலையான ஒரு சிறு கட்டணம். உங்களை அனுபவத்திலிருந்து வெளியேற்றிவிட்டார்கள் என்றால் உங்கள் பங்கின் சந்தை மதிப்பில் சதவீதக் கட்டணம். 2017-இல் அதை ஏழரை சதவீதத்திலிருந்து மூன்றாகக் குறைத்தார்கள். கவனியுங்கள், மொத்தச் சொத்துக்கு இல்லை, உங்கள் பங்குக்கு மட்டும்.

அந்த வீட்டில் குடியிருந்தால்தான் கூட்டு அனுபவம் என்று நினைக்க வேண்டாம். ஒரு பங்குதாரரின் அனுபவம் எல்லோருக்குமான அனுபவம் என்பதுதான் சட்டத்தின் பொதுவான பார்வை. ஆனால் 'என்னை வெளியே துரத்திவிட்டார்கள், உள்ளேயே விடுவதில்லை' என்று பிராதில், அதாவது வழக்கு மனுவில், நீங்களே எழுதிவிட்டு, கூட்டு அனுபவம் என்று சொல்லிக் குறைந்த கட்டணம் கட்டினால் எதிர்த்தரப்பு பிடித்துக்கொள்ளும்.

பெண்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும், ஏனென்றால் இது தெரியாமலே பலர் திரும்பிப் போகிறார்கள். சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின்படி (1987) பெண்களுக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவசச் சட்ட உதவி உண்டு. கோர்ட் வளாகத்திலேயே சட்டப் பணிகள் குழு அலுவலகம் இருக்கும், நேராகப் போய் மனு கொடுங்கள்.

கல்யாணம் ஆன பொண்ணுக்கும் சம பங்கா? எவ்வளவு வரும்?

இந்துக் குடும்பம், அப்பா சுயமாகச் சம்பாதித்த சொத்து, உயில் இல்லை என்றால் மனைவி, மகன்கள், மகள்கள், அப்பாவைப் பெற்ற அம்மா உயிரோடு இருந்தால் அவரும், ஆளுக்கு ஒரு சம பங்கு. அம்மாவும் இரண்டு மகன்களும் ஒரு மகளும் இருந்தால் ஆளுக்கு நாலில் ஒன்று. கல்யாணம் ஆனது, நகை போட்டது, சீர் செய்தது எதுவும் பங்கைக் குறைக்காது.

பூர்வீகச் சொத்தில் கணக்கு வேறு. 1989 மார்ச் 25 அன்று கல்யாணம் ஆகாமல் இருந்த மகள்களுக்குப் பிறப்புரிமை தருவதாகத் தமிழ்நாடு தனியாகச் சட்டம் கொண்டுவந்தது. 2005 செப்டம்பர் 9 முதல் மத்தியச் சட்டத் திருத்தம் அந்தக் கல்யாண நிபந்தனை இல்லாமலே மகளை மகனுக்குச் சமமான பங்காளி ஆக்கியது. அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்ற குழப்பம் ரொம்ப நாள் இருந்தது. வினீதா சர்மா வழக்கில் 2020 ஆகஸ்ட் 11 அன்று உச்ச நீதிமன்றம், தேவையில்லை என்று முடித்துவைத்தது. 2004 டிசம்பர் 20-க்கு முன்பே பதிவான பத்திரத்தாலோ கோர்ட் டிகிரியாலோ (தீர்ப்பாணை) பிரிந்துபோன சொத்தை மட்டும் இப்போது கிளற முடியாது. 'வாய்மொழியா அப்பவே பிரிச்சாச்சு' என்பது அவ்வளவு லேசில் எடுபடாது.

முஸ்லிம்களுக்கு இஸ்லாமியச் சட்டப்படி பங்கு, கிறிஸ்தவர்களுக்கு 1925-ஆம் வருட இந்திய வாரிசுரிமைச் சட்டம். பங்கின் அளவுதான் மாறும், கோர்ட்டில் பிரிக்கும் முறை எல்லோருக்கும் ஒன்றே.

அண்ணன் இருபது வருஷமா தனியா அனுபவிக்கிறார். இனிமே கேட்க முடியாதா?

பெரும்பாலும் முடியும். மேலே கட்டணக் கேள்வியில் சொன்ன அதே கொள்கைதான்: அவர் அனுபவிப்பது உங்களுக்கும் சேர்த்து. வருடம் ஓடியது என்பதாலேயே உங்கள் பங்கு போய்விடாது. ஆனால் அவர் உங்கள் உரிமையை வெளிப்படையாக மறுத்து, உங்களுக்குத் தெரியும்படி, 'உனக்கு இதில் ஒன்றும் இல்லை' என்று ஒதுக்கி வைத்துப் பன்னிரண்டு வருடம் ஆகிவிட்டது என்று நிரூபித்தால் சிக்கல். அதனால் அவரிடமிருந்து வக்கீல் நோட்டீஸோ, உரிமையை மறுத்துக் கடிதமோ வந்திருந்தால் அதைக் கிழித்துப் போடாமல் தேதியைக் குறித்துவைத்து உடனே வக்கீலைப் பாருங்கள்.

கேஸ் நடக்கும்போதே சொத்தை வித்துட்டா என்ன பண்றது?

பிராதோடு சேர்த்தே தடையுத்தரவு மனு போடலாம். தடை கிடைக்கவில்லை என்றாலும், சொத்துரிமை மாற்றுச் சட்டம் பிரிவு 52 இருக்கிறது: வழக்கு நிலுவையில் இருக்கும்போது வாங்குகிறவர் அந்த வழக்கின் முடிவுக்குக் கட்டுப்பட்டவர். விற்பனை செல்லாது என்று ஆகிவிடாது, ஆனால் விற்றவருக்கு என்ன பங்கு கிடைக்கிறதோ அதற்கு மேல் அவருக்கு ஒன்றும் கிடைக்காது. வாடகை முழுவதையும் ஒருவரே வாங்கிக்கொள்கிறார் என்றால் கணக்குக் கேட்கலாம், சொத்தைக் கோர்ட் சார்பில் பார்த்துக்கொள்ள ரிசீவர் போடவும் கேட்கலாம்.

டிகிரி வந்துடுச்சு, ஜெயிச்சுட்டோம். நாளைக்கே பூட்டைத் திறந்து உள்ள போகலாமா?

போக முடியாது. இந்தப் பக்கத்தில் வேறு எதை மறந்தாலும் இதை மறக்காதீர்கள்: பாகப்பிரிவினை வழக்கு இரண்டு கட்டம். உங்கள் கையில் இருப்பது முதல்நிலைத் தீர்ப்பாணை, எல்லோரும் பிரிலிமினரி டிகிரி என்று சொல்வது. அது உங்களுக்கு நாலில் ஒன்று உண்டு என்று மட்டும்தான் சொல்கிறது. எந்த அறை, எந்தப் பக்கம், வடக்கா தெற்கா என்று அதில் ஒரு வரிகூட இருக்காது.

அதை வாங்கிக்கொண்டு இனிப்புக் கொடுத்துவிட்டுப் போனவர்கள் அப்புறம் வருவதே இல்லை. ஒரு பெரியம்மா பழைய டிகிரி நகலைப் பிளாஸ்டிக் கவரில் போட்டு, மஞ்சள் பையில் வைத்துக் கொண்டுவந்தார். மடித்த இடங்கள் கிழிந்து செல்லோடேப் ஒட்டியிருந்தது. இதைக் காட்டினால் வீட்டை விட்டுவிடுவார்கள் என்று அத்தனை வருடமும் நம்பிக்கொண்டிருந்திருக்கிறார். அடுத்த மனு ஒன்று போட வேண்டும் என்று அவருக்கு யாருமே சொல்லவில்லை.

அந்த அடுத்த மனுதான் இறுதித் தீர்ப்பாணை மனு, ஃபைனல் டிகிரி. அதன் மேல்தான் கோர்ட் ஒரு கமிஷனரை நியமிக்கும்.

அப்படின்னா அந்தப் பழைய டிகிரி காலாவதி ஆயிருக்குமா?

ஆகியிருக்காது. ஃபைனல் டிகிரி மனுவுக்குக் காலவரம்பு இல்லை என்று 2009-இல் சுப்கரன் பூப்னா வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அது புது வழக்கு இல்லை, முடியாமல் நிற்கிற அதே வழக்கின் தொடர்ச்சி. 2022-இல் இன்னொரு தீர்ப்பில், தனி மனு வரட்டும் என்று காத்திருக்காமல் கீழ்க் கோர்ட்டுகளே முதல் டிகிரி கொடுத்த கையோடு அடுத்த கட்டத்துக்கு வழக்கைப் பட்டியலிட வேண்டும் என்றும் சொன்னது. இருந்தாலும் நீங்கள் உங்கள் வக்கீலிடம் கேட்டுக்கொண்டே இருங்கள்.

நடுவில் யாராவது இறந்திருந்தால் அவர் வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். பங்கு மாறியிருந்தாலோ சட்டம் மாறியிருந்தாலோ ஃபைனல் டிகிரிக்கு முன்னால் முதல் டிகிரியையே திருத்திக் கேட்கவும் முடியும். 2005 திருத்தத்துக்குப் பிறகு மகள்கள் பலர் அப்படித்தான் உள்ளே வந்தார்கள்.

கமிஷனர் வந்து என்னதான் பண்ணுவார்?

பெரும்பாலும் ஒரு வக்கீலைத்தான் கமிஷனராகப் போடுவார்கள். சர்வேயரோடு வருவார். எல்லாத் தரப்புக்கும் முன்கூட்டியே தேதி சொல்லி நோட்டீஸ் வரும். சங்கிலியோ டேப்போ பிடித்து அளப்பார்கள். கிணறு எங்கே, மோட்டார் யாருடையது, தென்னை எத்தனை, வண்டி போக வழி எந்தப் பக்கம், கட்டடம் எத்தனை வருடப் பழசு, எல்லாம் குறிப்பில் ஏறும். பிறகு வரைபடத்தில் அ, ஆ, இ என்று பாகம் பிரித்து வண்ணம் தீட்டி அறிக்கையோடு தாக்கல் செய்வார். பரப்பு மட்டும் சமமாக இருந்தால் போதாது, மதிப்பும் சமமாக வர வேண்டும். ரோட்டு முகப்பு ஒருவருக்கும் பின்கட்டு இன்னொருவருக்கும் போனால், முகப்பு கிடைத்தவர் மற்றவருக்குப் பணம் கொடுத்துச் சமன்செய்யச் சொல்வார்கள்.

அன்றைக்குக் கட்டாயம் அங்கே இருங்கள். கிணற்றுத் தண்ணீர், நடைபாதை, மின் இணைப்பு, கழிவுநீர் போகும் வழி இந்த நாலையும் கேட்டு எழுதவையுங்கள். பாகம் நல்லபடியாகக் கிடைத்து, உள்ளே போக வழி இல்லாமல் திரும்பவும் கோர்ட் படியேறியவர்களைப் பார்த்திருக்கிறேன். அறிக்கை பிடிக்கவில்லை என்றால் ஆட்சேபனை தாக்கல் செய்யலாம். கோர்ட் அதை ஏற்கலாம், மாற்றலாம், ரத்துசெய்து வேறு கமிஷனரையும் போடலாம். யாருக்கு எந்தப் பாகம் என்பதில் ஒத்துவரவில்லை என்றால் சீட்டுக் குலுக்கிப் போடுவதும் உண்டு.

நான் சொந்தக் காசுல மேல்மாடி கட்டியிருக்கேன். அதையும் பங்கு போட்டுடுவாங்களா?

செலவு செய்ததால் உங்கள் பங்கின் அளவு கூடாது. ஆனால் பிரிக்கும்போது, முடிந்தவரை நீங்கள் கட்டிய பகுதி உங்கள் பாகத்திலேயே வரும்படி ஒதுக்கக் கேட்கலாம், அதைக் கோர்ட்டுகள் நியாயமாகவே பார்க்கின்றன. ரசீது, பிளான் அனுமதி, வங்கிக் கடன் கணக்கு எல்லாவற்றையும் கமிஷனரிடம் கொடுங்கள். வழக்கு போட்ட பிறகு அவசர அவசரமாகக் கட்டியதற்கு இந்தச் சலுகையை எதிர்பார்க்காதீர்கள்.

வீடு மொத்தமே அறுநூறு சதுர அடி, நாங்க அஞ்சு பேர். எப்படி வெட்டுவாங்க?

வெட்ட மாட்டார்கள். 1893-ஆம் வருடப் பாகப்பிரிவினைச் சட்டம் இதற்காகவே இருக்கிறது. நியாயமாகப் பிரிக்க முடியாத சொத்து என்று கோர்ட்டுக்குத் தோன்றி, பாதியோ அதற்கு மேலோ பங்கு வைத்திருப்பவர்கள் தனியாகவோ சேர்ந்தோ கேட்டால், விற்றுப் பணத்தைப் பிரிக்க உத்தரவிடலாம். அப்படிக் கேட்டவுடன் மற்ற பங்குதாரர், 'விற்க வேண்டாம், நானே அவர்கள் பங்கை வாங்கிக்கொள்கிறேன்' என்று சொல்ல முடியும். கோர்ட் மதிப்பிடும் விலைக்கு அவருக்குக் கிடைக்கும். அந்த வீட்டிலேயே வாழ்கிறவருக்கு இது பெரிய பிடிமானம், விட்டுவிடாதீர்கள்.

சித்தப்பா தன் பங்கை யாரோ வெளியாளுக்கு வித்துட்டார். அந்த ஆள் வந்து நடு வீட்ல உட்கார முடியுமா?

முடியாது. பிரிக்காத குடும்பக் குடியிருப்பு வீட்டில் பங்கு வாங்கிய வெளியாளுக்கு உங்களோடு கூட்டாகக் குடியேற உரிமை இல்லை (சொத்துரிமை மாற்றுச் சட்டம், பிரிவு 44). அவர் வழக்குப் போட்டுத்தான் பிரித்துக் கேட்க வேண்டும். அப்படிக் கேட்டால், குடும்பத்தில் பங்குள்ள ஒருவர் முன்வந்து அவருடைய பங்கைக் கோர்ட் மதிப்பில் வாங்கிக்கொள்ளலாம், 1893 சட்டத்தின் பிரிவு 4. வெறும் நிலத்துக்கோ கடைக்கோ இது பொருந்தாது.

கேஸ் போட்ட அண்ணனே வாபஸ் வாங்கிட்டார். நாங்க மறுபடி முதல்லேர்ந்து போடணுமா?

அவசியமில்லை. எல்லோரும் ஒரே நிலை என்று முன்பு சொன்னது இங்கே கைகொடுக்கும். பிரதிவாதியாக இருக்கும் நீங்கள், என்னை வாதியாக மாற்றுங்கள் என்று மனுப் போட்டு அதே வழக்கை நடத்தலாம். முதல் டிகிரி வந்துவிட்டது என்றால் அவர் தன்னிஷ்டத்துக்கு வாபஸ் வாங்கவே முடியாது, ஏனென்றால் அதில் உங்கள் உரிமையும் முடிவாகியிருக்கிறது.

பாதியில சமாதானம் ஆயிட்டா?

எந்தக் கட்டத்திலும் ஆகலாம். எழுதிக் கையெழுத்திட்டுத் தாக்கல் செய்தால் அதன்படியே டிகிரி கொடுப்பார்கள். லோக் அதாலத்தில் (மக்கள் நீதிமன்றம்) முடித்தால் கட்டிய கோர்ட் ஃபீஸ் திரும்பக் கிடைக்கும், அந்த முடிவின் மேல் அப்பீலும் கிடையாது, அதனால் படித்துப் பார்த்துக் கையெழுத்துப் போடுங்கள். மைனர் பங்கு இருந்தால் கோர்ட் அனுமதி இல்லாமல் சமாதானம் செல்லாது.

முதல் டிகிரில பங்கு கணக்கு தப்பு. ஃபைனல் வரட்டும், ரெண்டுக்கும் சேர்த்து அப்பீல் போட்டுக்கலாம்னு இருக்கேன்.

தயவுசெய்து அப்படி இருக்காதீர்கள். முதல் டிகிரியின் மேல் அப்பீல் போடாமல் விட்டவர், ஃபைனல் டிகிரி அப்பீலில் அது தப்பு என்று வாதாட முடியாது (உரிமையியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 97). பங்கு தப்பாக வந்திருந்தால் இப்போதே, கெடுவுக்குள்.

ஃபைனல் டிகிரியும் வந்தாச்சு. அண்ணன் காலி பண்ண மாட்டேங்கறார்.

முதலில் அந்த டிகிரியை முத்திரைத்தாளில் எழுதி வாங்குங்கள். ஃபைனல் டிகிரி சட்டப்படி ஒரு பாகப்பிரிவினைப் பத்திரம்தான், முத்திரைத் தீர்வை கட்டாமல் அதை நிறைவேற்ற முடியாது. பிறகு நிறைவேற்று மனு. கோர்ட் ஊழியரான அமீனா வந்து உங்கள் பாகத்தை அளந்து ஒப்படைப்பார், பூட்டியிருந்தால் கோர்ட் உத்தரவோடு பூட்டை உடைப்பார், தேவைப்பட்டால் போலீஸ் பாதுகாப்பும் கேட்கலாம்.

இங்கே காலவரம்பு உண்டு, பழைய டிகிரிக்குச் சொன்னதை இதற்கும் எடுத்துக்கொள்ளாதீர்கள். பன்னிரண்டு வருடம், அதுவும் டிகிரி தேதியிலிருந்து. முத்திரைத்தாள் வாங்கிக் கொடுத்த நாளிலிருந்து இல்லை என்று 2005-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. சுவாதீனம் கிடைத்ததும், அதாவது பாகம் உங்கள் கைக்கு வந்ததும், டிகிரியை சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்துவிடுங்கள், வில்லங்கத்தில் ஏறும். அதே நகலை வைத்துத் தாலுகா அலுவலகத்தில் உட்பிரிவுக்கும் தனிப் பட்டாவுக்கும் மனு கொடுங்கள்.